பூட்டும் சாவியும்

நான் பிறந்து வளர்ந்த ஊர் திண்டுக்கல். பூட்டுக்குப் பெயர் பெற்ற ஊர் அது. 2019ஆம் ஆண்டில் திண்டுக்கல் பூட்டுக்குப் புவிசார் குறியீடு கிடைத்தபொழுது, 'நம் பூட்டின் பெருமை இப்பொழுதுதான் தெரிந்ததோ!' என்று எங்கள் தெருவில் பலர் சிரித்தனர். என் சிற்றப்பா பூட்டுத் தொழிலாளி. அவருடைய பட்டறை எங்கள் வீட்டை அடுத்தே இருந்தது. பள்ளி விட்டதும் நான் அங்கே போய் அமர்ந்துவிடுவேன். பித்தளைத் தகட்டை வெட்டும் ஓசையும், இரும்பை அரம் இழைக்கும் ஓசையும் இன்றும் என் செவியில் ஒலிக்கின்றன.

அவர் செய்த பூட்டுகளின் வயிற்றுக்குள் லீவர் எனப்படும் தகடுகள் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கப்பட்டிருக்கும். ஒவ்வொரு தகடும் வெவ்வேறு உயரத்திற்கு எழும்ப வேண்டும். சாவியின் பற்கள் அத்தனை தகடுகளையும் ஒரே சமயத்தில் உரிய உயரத்திற்குத் தூக்கினால்தான் தாழ் நகரும். ஏதேனும் ஒன்று மயிரிழை கூடினாலும் குறைந்தாலும் பூட்டு அசையாது.

சிற்றப்பாவிடம் ஒரு வழக்கம் உண்டு. புதிய வகைப் பூட்டு ஒன்றைச் செய்தால், மேல்தகட்டை மூடுவதற்கு முன் அடுத்த பட்டறைக்காரரை அழைத்து வந்து உள்ளே இருப்பதை எல்லாம் காட்டுவார். பின்பு மூடிவிட்டு, சாவியைத் தம் மடியில் செருகிக்கொண்டு, "எங்கே, இப்பொழுது திறந்து பாருங்கள்" என்பார். வந்தவர் கம்பியும் கொக்கியுமாக அரைநாள் போராடுவார்.

"ஏன் சிற்றப்பா, உள்ளே இருப்பதை அவருக்குக் காட்டிவிட்டீர்களே! அவர் எளிதாகத் திறந்துவிட மாட்டாரா?" என்று ஒருநாள் கேட்டேன்.

"திறந்தால் நல்லதுதான், தம்பி. நம் பூட்டின் குறை இன்றே தெரிந்துவிடும். திருடன் திறந்த பிறகு தெரிந்து என்ன பயன்?" என்றார் அவர்.

அன்று எனக்கு அது விளங்கவில்லை. பல ஆண்டுகள் கழித்து ஒரு கார்ச் சாவி அதை விளக்கிற்று.

கடன் வாங்கிப் பழைய கார் ஒன்றை வாங்கினேன். விற்றவர் ஒரே ஒரு சாவியைத்தான் தந்தார். மற்றொன்று எங்கேயோ தொலைந்துவிட்டது என்றார். அதை நான் பெரிதாக எண்ணவில்லை. சாவி என்பது இரும்பு. இரும்பை இழைத்தால் இன்னொரு சாவி. பட்டறையில் நான் கற்ற பாடம் அதுவே அன்றோ? கடைத்தெருவில் சாவி செய்யும் பெரியவர் ஒருவரிடம் கொடுத்தேன். கால்மணி நேரத்தில் நகல் ஆயிற்று. அதைக் கொண்டு கார்க் கதவைத் திறந்து பார்த்தேன், திறந்தது. மகிழ்ச்சியோடு வீட்டில் மாட்டி வைத்தேன். எஞ்சினைக் கிளப்பிப் பார்க்க வேண்டும் என்று எனக்குத் தோன்றவே இல்லை.

ஐப்பசி மாதத்து மழை இரவு ஒன்றில் என் தந்தைக்கு மூச்சுத் திணறல் உண்டாயிற்று. என் மனைவி அன்று மாலைதான் உறவினர் திருமணத்திற்காகப் பேருந்தில் பழனிக்குச் சென்றிருந்தாள். உண்மையான சாவி அவளுடைய கைப்பையில் போய்விட்டது. நகல் இருக்கும்பொழுது கவலை என்ன என்று எண்ணி, தந்தையைத் தாங்கிக் கொண்டுபோய்க் காரில் அமர்த்தினேன். சாவியைத் திருப்பினேன். ஸ்டார்ட்டர் சுழன்றது, எஞ்சின் ஒருமுறை உறுமிற்று, அடுத்த நொடியே அடங்கிவிட்டது. மீண்டும் திருப்பினேன். மீண்டும் அதே உறுமல்; அதே அடக்கம். எதிரே இருந்த பலகையில் சாவி வடிவான சிறிய சிவப்பு விளக்கு மட்டும் மின்னி மின்னி மறைந்தது. ஆறேழு முறை முயன்றிருப்பேன். தந்தையின் மூச்சு என் பக்கத்தில் இழுத்துக்கொண்டிருந்தது.

எதிர்வீட்டு ஆட்டோக்காரர் எழுந்து வந்திராவிட்டால் அன்று என்ன ஆகியிருக்குமோ! நனைந்தபடியே அவர் எங்களை மருத்துவமனைக்குக் கொண்டு சேர்த்தார். விடியற்காலையில் தந்தை தெளிந்து, கண் விழித்ததும் என்னைப் பார்த்து, "உன் வண்டிக்கு உன்னையே அடையாளம் தெரியவில்லையா?" என்று கேட்டார். விளையாட்டாகத்தான் கேட்டார். ஆயினும் நடந்தது அதுவேதான் என்பதைப் பின்னர் அறிந்தேன்.

கார் பழுது பார்க்கும் நிலையத்தில் இருந்த மெக்கானிக் ஒருவர், பழைய சாவி ஒன்றின் கறுப்புத் தலையைப் பிளந்து காட்டினார். அதற்குள் அரிசியைவிடச் சற்றே பெரிய கண்ணாடிக் குப்பி ஒன்று இருந்தது. குப்பிக்குள் மெல்லிய செம்புக் கம்பிச் சுருளும், 'சிப்' எனப்படும் சிலிக்கன் துணுக்கும் இருந்தன. "இதுதான் ஐயா உண்மையான சாவி. நீங்கள் செய்து வைத்திருப்பது இதன் கைப்பிடி" என்றார் அவர்.

அந்தக் குப்பியில் மின்கலம் கிடையாது. பொத்தானை அழுத்திக் கதவைத் திறக்கும் பகுதிக்குத்தான் மின்கலம் வேண்டும். சிப்புக்கு வேண்டிய மின்சாரத்தைக் காரே ஊட்டுகிறது. சாவி நுழையும் துளையைச் சுற்றி ஒரு கம்பிச் சுருள் மறைந்திருக்கிறது. அதில் வினாடிக்கு ஏறத்தாழ 1,25,000 முறை அலைவுறும் மாறுதிசை மின்னோட்டம் பாய்கிறது. அதனால் எழும் காந்தப் புலம் சாவியிலுள்ள சிறு சுருளில் மின்சாரத்தைத் தூண்டுகிறது. ஒரு சுருளில் மாறும் மின்னோட்டம் அருகிலுள்ள மற்றொரு சுருளில் மின்னோட்டத்தை உண்டாக்கும் என்பதை நீங்கள் அறிவியல் பாடத்தில் படித்திருப்பீர்கள். அந்தச் சிறு ஊட்டத்தால் சிப் விழித்துக்கொள்கிறது.

விழித்ததும் பேச்சு தொடங்குகிறது. தொடக்கத்தில் வந்த எளிய சாவிகள் தமக்குரிய எண் ஒன்றை மட்டும் சொல்லும். கேட்டவன் எவனும் அதைப் பதிந்துகொண்டு திரும்பச் சொல்லிவிடலாம். ஆதலால் பின்னர் வேறு முறை வந்தது. கார் ஒவ்வொரு முறையும் புதிய எண் ஒன்றைச் சாவிக்கு அனுப்புகிறது. சாவி அந்த எண்ணைத் தன்னிடமுள்ள மறைஎண்ணோடு சேர்த்து ஒரு கணக்குப் போட்டு, விடையைத் திருப்பி அனுப்புகிறது. அதே மறைஎண்ணைத் தன்னிடமும் வைத்திருக்கும் கார், தானும் அதே கணக்கைப் போட்டுப் பார்க்கிறது. இரண்டு விடைகளும் ஒத்தால்தான் எஞ்சினை ஆளும் கருவி பெட்ரோலையும் தீப்பொறியையும் விடுகிறது. ஒவ்வாவிட்டால் எஞ்சின் அணைந்துவிடுகிறது. கண் இமைப்பதற்குள் இவ்வளவும் நடந்து முடிகின்றன. மறைஎண் ஒருபொழுதும் வாய்விட்டுச் சொல்லப்படுவதில்லை என்பதே இம்முறையின் அழகு. இம்மொபிலைசர் என்று இதற்குப் பெயர். அசையாமல் நிறுத்துவது என்பது பொருள்.

1990களின் தொடக்கத்தில் ஐரோப்பாவில் கார்த் திருட்டு மிகுந்தபொழுது காப்பீட்டு நிறுவனங்கள் இக்கருவியை வற்புறுத்தின. 1995ஆம் ஆண்டில் ஐரோப்பிய ஒன்றியம் ஆணை பிறப்பித்தது. 1998 முதல் அங்கே விற்கும் புதிய கார்கள் அனைத்திலும் இது கட்டாயம் ஆயிற்று. அந்த விதியால் நெதர்லாந்தில் 1995 முதல் 2008 வரையில் கார்த் திருட்டு ஏறத்தாழ 40 விழுக்காடு குறைந்தது என்று பொருளியலறிஞர் இருவர் கணக்கிட்டுள்ளனர். திருடர் சிலர் கருவியில்லாத பழைய கார்களின் பக்கம் திரும்பியதையும் சேர்த்தே அவர்கள் அக்கணக்கைச் செய்தனர்.

இவ்வளவையும் சிற்றப்பாவிடம் சொன்னேன். அவருக்கு இப்பொழுது எண்பதைக் கடந்த வயது. பிளந்த சாவியைக் கையில் வாங்கி, உருப்பெருக்கிக் கண்ணாடியால் நெடுநேரம் பார்த்தார். பின்பு ஒரே ஒரு கேள்வி கேட்டார்: "இதைச் செய்தவர்கள் யாரிடம் கொடுத்துத் திறந்து பார்க்கச் சொன்னார்கள்?"

அந்தக் கேள்விக்கு விடை தேடிப் புறப்பட்டபொழுதுதான் வருந்தத்தக்க செய்திகள் பல தெரியவந்தன. சாவிச் சிப்புகளைச் செய்த நிறுவனங்கள் பலவும் தம் கணக்குமுறையைக் கமுக்கமாகவே வைத்திருந்தன. முறை தெரியாவிட்டால் திருடனால் என்ன செய்ய முடியும் என்பது அவர்களுடைய எண்ணம். டெக்சாஸ் இன்ஸ்ட்ருமென்ட்ஸ் நிறுவனத்தின் சிப் ஒன்று கோடிக்கணக்கான சாவிகளில் இருந்தது. அதன் மறைஎண் 40 இரும இலக்கங்கள் கொண்டது. 40 லீவர்கள் உள்ள பூட்டு ஒன்றையும், ஒவ்வொரு லீவரும் மேல், கீழ் என்ற இரண்டு நிலைகளில் ஒன்றில் மட்டுமே நிற்பதையும் எண்ணிக்கொள்ளுங்கள். அமையக்கூடிய சாவிகளின் எண்ணிக்கை ஒரு இலட்சத்து ஒன்பதாயிரம் கோடிக்கு மேல். மனிதக் கைக்கு அது எட்டாத எண்தான். கணிப்பொறிக்கோ அது எட்டும். 2005ஆம் ஆண்டில் அமெரிக்காவின் ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழகத்தாரும் ஆர்எஸ்ஏ ஆய்வுக்கூடத்தாரும் அம்முறையை வெளியிலிருந்தே ஆராய்ந்து கண்டுபிடித்தனர். 16 கணிப்பலகைகளை இணைத்து ஒரு மணி நேரத்திற்குள் மறைஎண்ணை வெளிக்கொணர்ந்தனர். போலி விடை சொல்லும் கருவியால் கார் ஒன்றைக் கிளப்பியும் காட்டினர். அதே சிப்பைக் கொண்ட, பெட்ரோல் நிலையத்தில் பணம் செலுத்தும் வில்லைக்கும் போலி செய்து பெட்ரோல் வாங்கினர்.

நிறுவனங்கள் பின்னர் இலக்கங்களை 80 ஆக உயர்த்தின. ஆயினும் 2020ஆம் ஆண்டில் பெல்ஜியத்தின் லூவன் பல்கலைக்கழகத்தாரும் இங்கிலாந்தின் பர்மிங்காம் பல்கலைக்கழகத்தாரும் ஆராய்ந்தபொழுது, கார் நிறுவனங்கள் சில அந்த இலக்கங்களை நிரப்பிய முறையே பழுதாக இருந்தது. ஒரு வகைச் சாவி எவர் கேட்டாலும் சொல்லிவிடும் தன் வரிசை எண்ணிலிருந்தே மறைஎண் ஆக்கப்பட்டிருந்தது. வேறொரு வகையில் 80 இலக்கங்களில் உண்மையில் மாறுபட்டவை 24 மட்டுமே. எண்பது லீவர் வைத்துவிட்டு ஐம்பத்தாறை ஒட்டிவிட்டது போல் ஆயிற்று.

"பூட்டு நல்லது, சாவி வெட்டியவன் சோம்பேறி" என்றார் சிற்றப்பா.

இவ்வகை வழக்கு புதியதன்று. 1851ஆம் ஆண்டில் இலண்டனில் உலகப் பொருட்காட்சி நடந்தது. அப்பொழுது ஆல்பிரட் ஹாப்ஸ் என்னும் அமெரிக்கப் பூட்டுத் தொழிலாளி அங்கே வந்தார். எங்கள் ஊர்ப் பூட்டைப் போலவே லீவர்களால் ஆன, எவராலும் திறக்க முடியாதது என்று புகழப்பட்ட சப் பூட்டை அவர் 25 நிமிடங்களில் திறந்தார். பிரமா என்பவரின் நிறுவனம், தன் பூட்டைத் திறப்பவருக்கு 200 கினி பரிசு என்று எழுதிக் கடைச் சாளரத்தில் வைத்திருந்தது. அறுபது ஆண்டுகளாக அதைத் திறந்தவர் இல்லை. ஹாப்ஸ் 16 நாள்களில் மொத்தம் 51 மணி நேரம் உழைத்து அதையும் திறந்துவிட்டார். இலண்டன் கலங்கிற்று. இப்படி வெளிப்படையாகச் செய்யலாமா, திருடர்கள் கற்றுக்கொள்ள மாட்டார்களா என்று பலர் சினந்தனர். திருடர்கள் தம் தொழிலை முன்பே நன்கு கற்றிருக்கிறார்கள். அறியாதிருப்பவர்கள் பூட்டை வாங்கும் நல்லவர்கள்தாம் என்பது அவர் தரப்பினர் சொன்ன மறுமொழி. 1883இல் கெர்க்காப்ஸ் என்னும் அறிஞர், படைத்துறைச் சங்கேதங்களைப் பற்றி எழுதுகையில், முறை முழுவதும் பகைவன் கையில் அகப்பட்டாலும் தீங்கு நேரக் கூடாது, மறைவாக இருக்க வேண்டியது திறவுகோல் ஒன்றே என்ற கருத்தை வரையறுத்தார். சிற்றப்பா அவரைப் படித்தவர் அல்லர்.

ஹாப்ஸ் பூட்டைத் திறந்த அதே இலண்டனில் 2013ஆம் ஆண்டில் நடந்ததைக் கேளுங்கள். மெகாமாஸ் கிரிப்டோ என்னும் சாவிச் சிப்பின் குறைகளைப் பர்மிங்காம், நைமேகன் பல்கலைக்கழகங்களைச் சேர்ந்த மூவர் கண்டறிந்தனர். போக்ஸ்வாகன் முதலிய நிறுவனங்களின் கார்களில் அந்தச் சிப் இருந்தது. சிப் செய்தவர்களுக்கு முன்கூட்டியே தெரிவித்துவிட்டு, ஆய்வுரையை ஒரு மாநாட்டில் வெளியிட அவர்கள் முனைந்தனர். போக்ஸ்வாகன் நிறுவனம் உயர்நீதிமன்றத்தை நாடி இடைக்காலத் தடை பெற்றது. இரண்டு ஆண்டுகள் கழித்து, 2015இல், ஒரே ஒரு வாக்கியத்தை நீக்கிவிட்டு அந்த ஆய்வுரை வெளிவந்தது. இரு பக்கத்திலும் நியாயம் இல்லாமல் இல்லை. சாலையில் ஓடும் இலட்சக்கணக்கான கார்களின் சாவிகளை ஓரிரவில் மாற்றிவிட முடியாது. குறையைச் சொன்ன மறுநாளே திருடன் முந்திக்கொண்டால் இழப்பு கார் வாங்கியவனுக்குத்தான். எனினும், அந்த இரண்டு ஆண்டுகளும் தம் கார் பழுதான பூட்டோடு தெருவில் நிற்கிறது என்பதைக் கார் வாங்கியவர்கள் அறியாதிருந்தார்கள். அவர்கள் பணம் கொடுத்து வாங்கிய பூட்டு அன்றோ அது? என் மனம் ஆராய்ச்சியாளர் பக்கமே சாய்கிறது.

பழுதான பூட்டுக்கே இவ்வளவு கேடு என்றால், பூட்டே வைக்காவிட்டால்? கனடா நாட்டில் 2007ஆம் ஆண்டு செப்டம்பர் முதல் புதிய கார்களுக்கு இம்மொபிலைசர் கட்டாயம். அதை அடுத்துள்ள அமெரிக்க ஐக்கிய நாடுகளில் அப்படிப்பட்ட சட்டம் இல்லை. சட்டம் இல்லாவிட்டாலும் பெரும்பாலான நிறுவனங்கள் தாமாகவே வைத்துவந்தன. 2015ஆம் ஆண்டு மாதிரிக் கார்களில், ஏனைய நிறுவனங்களின் வகைகளில் 96 விழுக்காட்டில் இது இயல்பாகவே இருந்தது. ஹூண்டாய், கியா நிறுவனங்கள் அமெரிக்காவில் விற்ற வகைகளில் 26 விழுக்காட்டில்தான் இருந்தது. கனடாவில் விற்றபொழுது சட்டத்திற்கு உட்பட்டு வைத்த அந்நிறுவனங்கள், எல்லைக்கோட்டுக்குத் தெற்கே பல கார்களை அது இல்லாமலே விற்றன.

பல ஆண்டுகள் இதை எவரும் கவனிக்கவில்லை. பின்பு அந்தக் கார்களை எளிதில் கிளப்பும் வழியைச் சிலர் படம்பிடித்துச் சமூக ஊடகங்களில் பரப்பினர். 2022ஆம் ஆண்டில் அமெரிக்க நகரங்கள் பலவற்றில் அத்திருட்டு தீப்போல் பரவிற்று. திருடியவர்களில் பலர் பள்ளிப் பருவத்துச் சிறுவர்கள்! விற்பதற்காக அன்று, வீரத்தைக் காட்டுவதற்காகவே திருடினர். கண்மண் தெரியாமல் ஓட்டினர். இத்திருட்டுகளால் 14 விபத்துகளும் 8 உயிரிழப்புகளும் நேர்ந்ததாக 2023ஆம் ஆண்டு பிப்ரவரியில் அந்நாட்டுச் சாலைப் பாதுகாப்பு நிருவாகம் தெரிவித்தது. 83 இலட்சம் கார்களுக்கு இலவசமாக மென்பொருள் திருத்தம் செய்து தர நிறுவனங்கள் முன்வந்தன. கார் ஒன்றின் விலையோடு ஒப்பிட்டால் இம்மொபிலைசரின் விலை மிகவும் சிறிது. அந்தச் சிறு தொகையை மிச்சப்படுத்தியதை நினைக்கையில் எனக்கு ஆறவில்லை.

சாவியைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டே பொத்தானை அழுத்திக் கிளப்பும் கார்கள் இப்பொழுது பெருகிவிட்டன. அவற்றிற்கு வேறு வகைத் தொல்லை. திருடர் இருவர் ஆளுக்கொரு கருவியோடு வருவர். ஒருவர் வீட்டுக் கதவருகே நின்று உள்ளே கிடக்கும் சாவியின் பேச்சை வாங்குவார். மற்றவர் காரருகே நின்று அதைக் காருக்குச் சொல்வார். கேள்வியும் சரி, விடையும் சரி; இடம் ஒன்றுதான் பொய். 2011ஆம் ஆண்டில் சூரிச் நகரத்து ஆராய்ச்சியாளர்கள் எட்டு நிறுவனங்களின் பத்து வகைக் கார்களை இவ்வாறு சோதித்தனர், பத்தும் ஏமாந்தன. சாவியைத் தகரப் பெட்டிக்குள் மூடி வைப்பவர்கள் சிலர் உண்டு. அவர்களைக் கண்டு நான் முன்பு நகைத்ததுண்டு, இப்பொழுது நகைப்பதில்லை.

என் காருக்கு இரண்டாவது சாவி வாங்கிய கதையைச் சொல்ல மறந்துவிட்டேன். வண்டியின் ஆர்.சி. புத்தகமும் என் அடையாளச் சான்றும் கேட்டார்கள். ஒன்பது நாள் காக்க வைத்தார்கள். கடைத்தெருப் பெரியவர் வாங்கியதைப்போல் பல மடங்கு பணம் கேட்டார்கள். முதலில் எனக்குச் சினம் மூண்டது. சாவியைப் பதிவு செய்யும்பொழுது மெக்கானிக், "ஐயா, இந்த வண்டியின் நினைவில் முன்பே இரண்டு சாவிகள் இருக்கின்றன. உங்களிடம் இருப்பது ஒன்றுதானே?" என்றார். விற்றவர் தொலைத்ததாகச் சொன்ன சாவி எங்கே, யார் கையில் இருந்ததோ! அது வந்து சொல்லும் விடையை என் கார் அதுவரையில் ஏற்றுக்கொள்ளவே செய்திருக்கும். அந்தச் சாவியைக் காரின் நினைவிலிருந்து நீக்கச் சொன்னேன். பழைய கார் வாங்குவோர் இதை முதல் நாளே செய்வது நல்லது.

புதிய சாவி இப்பொழுது தந்தையின் கட்டிலருகே ஆணியில் தொங்குகிறது. பழைய இரும்பு நகலை நான் எறிந்துவிடவில்லை. கதவைத் திறக்க அது போதும். இரவு நேரத்துப் பரபரப்பில் தவறி அதை எடுத்துவிடக் கூடாது என்று சிற்றப்பா அதில் சிவப்பு நூலைச் சுற்றிக் கட்டிக் கொடுத்தார்.